டப்பாவில் சிரிக்கும் சமையல்காரர் நிஜமா, கற்பனையா? ‘செஃப் பாயார்டி’யின் கதையும், உங்கள் ஃப்ரிட்ஜில் இருக்கும் பாஸ்தா சாஸும்

இரவு எட்டரை மணி. ஆபீஸிலிருந்து வந்தாயிற்று. ஆர்டர் பண்ணினால் முப்பது நிமிஷம், டெலிவரி சார்ஜ் தனி. ஃப்ரிட்ஜ் கதவில் பாதி காலியான பாஸ்தா சாஸ் பாட்டில் ஒன்று இருக்கிறது. பாஸ்தாவை வேகவைத்து, சாஸைக் கொட்டி, கிளறிச் சாப்பிட்டால் வயிறு நிறையும். ஆனால் ஏதோ ஒன்று குறையும். புளிப்பு தூக்கலாக இருக்கும், லேசாக இனிக்கும், வாசனை என்று சொல்ல ஒன்றும் இருக்காது.

அந்தக் குறை என்ன, அதை எப்படிச் சரிசெய்வது என்று பார்ப்பதற்கு முன், இந்த ‘வீட்டிலேயே இத்தாலியன் டின்னர்’ என்ற யோசனையை அமெரிக்கக் கடைகளின் அலமாரியில் ஏற்றியவர்களில் முக்கியமான ஒருவரைப் பார்த்துவிடலாம். உயரமான வெள்ளைத் தொப்பி, அடர்ந்த மீசை, கழுத்தில் சிவப்பு ஸ்கார்ஃப் என்று ‘செஃப் பாயார்டி’ டப்பாக்களில் சிரிக்கும் ஆள்.

அமெரிக்காவிலேயே நிறைய பேர் இவரை விளம்பரத்துக்காக வரைந்த கற்பனை முகம் என்றுதான் நினைக்கிறார்கள். நினைப்பதில் தப்பும் இல்லை. கேக் மிக்ஸ் விற்கும் ‘பெட்டி க்ராக்கர்’ என்ற பெண்மணி 1921-ல் ஒரு மாவு கம்பெனி உருவாக்கிய கேரக்டர். அப்படி ஒருவர் வாழவே இல்லை. ஆனால் பாயார்டி வாழ்ந்தார். பெயர் எட்டோரே பொயார்டி. பிறந்தது 1897 அக்டோபர் 22, வட இத்தாலியின் பியாசென்சாவில்.

உருளைக்கிழங்கு உரித்த பையன்

பியாசென்சா இருக்கும் எமிலியா-ரோமாஞ்ஞா பகுதி, சாப்பாட்டு விஷயத்தில் இத்தாலிக்குள்ளேயே தனிப் பெருமை கொண்ட இடம். பார்மேசான் சீஸ் அங்கிருந்து வருகிறது. வெண்ணெயும் முட்டை போட்ட பாஸ்தாவும் அங்கே சகஜம். ஸ்பகெட்டியும் தக்காளியும் உண்மையில் தெற்கு இத்தாலியின் அடையாளம். வடக்கில் பிறந்த ஒருவர்தான் தக்காளி ஸ்பகெட்டியை அமெரிக்காவின் கடைக்கோடி ஊர் வரை கொண்டுபோனார் என்பது இந்தக் கதையின் சின்ன வேடிக்கை.

எட்டோரே 11 வயதில் ஊரில் ‘லா குரோச்சே பியாங்கா’ என்ற ஓட்டலில் வேலைக்குச் சேர்ந்தார். சமையல் பயிற்சி என்று பெயர்தானே தவிர, செய்தது உருளைக்கிழங்கு உரிப்பதும் குப்பை கொட்டுவதும். அப்புறம் பாரிஸ், லண்டன் என்று சமையலறைகள் மாறின. 1914 மே மாதம், ‘லா லொரேன்’ என்ற பிரெஞ்சுக் கப்பலில் நியூயார்க்கின் எல்லிஸ் தீவில் வந்து இறங்கியபோது அவருக்கு வயது 16. அண்ணன் பாவ்லோ ஏற்கெனவே நியூயார்க் பிளாசா ஓட்டலில் சர்வராக இருந்தார். தம்பிக்கும் அங்கேயே சமையலறையில் இடம் கிடைத்தது. முதல் உலகப் போர் தொடங்க இன்னும் இரண்டு மாதம்தான் இருந்தது. கொஞ்சம் தாமதித்திருந்தால் அந்தப் பையன் கையில் கரண்டிக்குப் பதில் துப்பாக்கி இருந்திருக்கலாம்.

பிளாசாவில் மளமளவென்று மேலே வந்தார். எட்டோரே ‘ஹெக்டர்’ ஆனார், பாவ்லோ ‘பால்’ ஆனார். 1917-ல் ஒஹாயோ மாகாணத்தின் கிளீவ்லாந்தில் வின்டன் என்ற புது ஓட்டல் திறந்தபோது அதன் சமையலறைக்குப் போனார். 1923-ல் ஹெலனைத் திருமணம் செய்தார். 1920-களின் நடுவில், மனைவியும் கூட நிற்க, சொந்தமாக ஒரு ரெஸ்டாரன்ட் தொடங்கினார். பெயர் ‘இல் ஜியார்டினோ டி இத்தாலியா’, அதாவது இத்தாலியத் தோட்டம்.

பால் பாட்டிலில் பார்சல்

கடை பிய்த்துக்கொண்டு போனது. சாப்பிட்டவர்கள் அத்தோடு நிற்கவில்லை, அந்த ஸ்பகெட்டி சாஸை எப்படிச் செய்கிறீர்கள் என்று கேட்க ஆரம்பித்தார்கள். ஹெக்டர் சாஸையே கொடுத்தார். கழுவிக் காயவைத்த பால் பாட்டில்களில் ஊற்றிக் கொடுத்தார். வாங்கிப் போனவர்கள் அடுத்து பாஸ்தாவுக்கு என்ன செய்வது என்று கேட்டார்கள். உலர்ந்த ஸ்பகெட்டியையும் கூடவே கட்டிக் கொடுத்தார். பிறகு சீஸ். கடைசியில் எல்லாம் சேர்ந்து ஒரு பொட்டலமாகிவிட்டது. வீட்டில் வேகவைத்து, சூடாக்கி, துருவித் தூவினால் டின்னர் ரெடி.

இன்று நாம் ‘மீல் கிட்’ என்று ஆப்பில் காசு கொடுத்து வாங்குகிறோமே, கிட்டத்தட்ட அதேதான். நூறு வருஷம் முன்னால், ஆப் இல்லாமல்.

வாடிக்கையாளர்களில் மாரிஸ் வெய்னர், ஈவா வெய்னர் என்று ஒரு தம்பதி இருந்தார்கள். சொந்தமாக மளிகைக் கடைகள் நடத்தியவர்கள். 1927 வாக்கில் அவர்கள்தான் இதைப் பெரிய அளவில் டப்பாவில் அடைக்க வழி செய்ய உதவினார்கள், தங்கள் மொத்த வியாபாரத் தொடர்புகள் மூலம் வெளியூர்க் கடைகளுக்கும் அனுப்பினார்கள். 1928-ல் ஃபேக்டரி வந்தது. முதல் பெரிய தயாரிப்பு அந்தப் பொட்டலத்தின் மறுவடிவம்தான்: வேகாத ஸ்பகெட்டி, டப்பாவில் தக்காளி சாஸ், துருவிய சீஸ்.

இங்கே ஒரு விஷயத்தைக் கவனியுங்கள். பாஸ்தா வேகாமல்தான் இருந்தது. சீஸ் தனியாக இருந்தது. கடைசி வேலையை வீட்டுக்காரர்களிடமே விட்டிருந்தார். வியாபார வசதிக்காக அப்படி அமைந்திருக்கலாம். ஆனால் ஒரு ஓட்டல் சமையல்காரராகப் பார்த்தால், எது பாட்டிலில் தாங்கும், எது தாங்காது என்ற கணக்கு அதில் இருக்கிறது. உங்கள் ஃப்ரிட்ஜில் இருக்கும் பாட்டிலுக்கும் அதே கணக்குதான்.

பாட்டிலில் எது தாங்காது?

தக்காளி இயல்பிலேயே புளிப்பு. அதனால்தான் அதைப் பதப்படுத்துவது மற்ற காய்கறிகளை விட சுலபம். உயிருக்கே ஆபத்தான பாட்டுலிசம் பாக்டீரியா அந்தப் புளிப்பில் வளராது. இருந்தாலும் மாதக்கணக்கில் கெடாமல் இருக்க சாஸை நன்றாகச் சூடாக்கித்தான் அடைத்தாக வேண்டும். அந்தச் சூட்டில் பூண்டு, பேசில் இலை, நல்ல எண்ணெய் இவற்றின் மேல்வாசனை முதலில் போய்விடும். ரசத்தை மறுநாள் காலையில் சுட வைத்துக் குடித்தால் எப்படி இருக்கும் என்று தெரியும்தானே, அந்த மாதிரி. புளிப்பைச் சமாளிக்கப் பல கம்பெனிகள் சர்க்கரையும் சேர்க்கின்றன. ஆக பாட்டிலில் மிஞ்சுவது புளிப்பு, உப்பு, இனிப்பு. போனது வாசனையும் கொழுப்பும். திருப்பிக் கொடுக்க வேண்டியதும் அவைதான்.

இரண்டு பேருக்கு 200 கிராம் பாஸ்தா என்று வைத்துக்கொள்வோம். இரண்டு லிட்டர் தண்ணீர் கொதிக்கட்டும். இத்தாலிய வழக்கப்படி லிட்டருக்கு 10 கிராம் உப்பு. ஆனால் பாட்டில் சாஸில் ஏற்கெனவே உப்பு இருப்பதால் பாதி போதும். அது ஒரு பக்கம் இருக்க, அகலமான கடாயில் இரண்டு டேபிள்ஸ்பூன் ஆலிவ் ஆயில், நசுக்கிய பூண்டு நாலு பல், சின்ன வெங்காயம் என்றால் நாலைந்து, பெரியது என்றால் பாதி, பொடியாக நறுக்கி சிறு தீயில் வதக்குங்கள். பூண்டு சிவக்கக் கூடாது, கசந்துவிடும். காரம் பிடித்தால் சில்லி ஃப்ளேக்ஸை சாஸில் தூவாமல் இந்த எண்ணெயிலேயே போடுங்கள். காரமும் வாசனையும் எண்ணெயில்தான் இறங்கும். பிறகு சாஸை ஊற்றிப் பத்து நிமிஷம் மூடாமல் கொதிக்க விடுங்கள். ஓரங்களில் எண்ணெய் லேசாகப் பிரியும் வரை. நம் வீட்டுத் தக்காளித் தொக்குக்குப் பார்க்கும் அதே பதம், அவ்வளவு இறுக வேண்டாம்.

அதற்கப்புறம் வருவதுதான் பலர் விட்டுவிடும் இடம். பாக்கெட்டில் போட்டிருக்கும் நேரத்துக்கு இரண்டு நிமிஷம் முன்பே பாஸ்தாவை எடுத்து நேராக கடாயில் போடுங்கள். வடித்த தண்ணீரைக் கொட்டிவிட வேண்டாம். ஒரு டம்ளர் எடுத்து வைத்து, கொஞ்சம் கொஞ்சமாக ஊற்றிக் கிளறுங்கள். அதில் கரைந்திருக்கும் மாவுச்சத்து எண்ணெயையும் தண்ணீரையும் சேர்த்துப் பிடிக்கும். சாஸ் தட்டின் அடியில் குளம் கட்டாமல் பாஸ்தாவில் ஒட்டும். பாஸ்தா மிச்ச வேக்காட்டை சாஸிலேயே முடித்துக்கொள்ளும். அடுப்பை அணைத்த பிறகு ஒரு ஸ்பூன் வெண்ணெய், துருவிய பார்மேசான். பேசில் இருந்தால் கையால் கிள்ளிப் போடுங்கள், இல்லையென்றால் விடுங்கள்.

புளிப்பு இன்னும் தூக்கலாக இருந்தால் உடனே சர்க்கரை டப்பாவைத் தேடாதீர்கள். முதலில் இன்னொரு ஸ்பூன் வெண்ணெய் போட்டுப் பாருங்கள். அமெரிக்கர்களுக்கு இத்தாலியச் சமையலைக் கற்றுக்கொடுத்த மார்செல்லா ஹசானின் மிகப் புகழ்பெற்ற தக்காளி சாஸில் தக்காளி, வெண்ணெய், வெங்காயம், உப்பு தவிர வேறு எதுவும் கிடையாது. அவரும் எமிலியா-ரோமாஞ்ஞாக்காரர்தான். வெண்ணெய் அந்த ஊர்ப் பாசம்.

மொத்தம் 25 நிமிஷம். டெலிவரியை விடச் சீக்கிரம்.

பெயரை மூன்றாக உடைத்தவர்

சரி, கிளீவ்லாந்துக்குத் திரும்புவோம். சாஸ் விற்கத் தொடங்கியதும் ஒரு சிக்கல் வந்தது. பொயார்டி என்ற பெயரை இத்தாலிய எழுத்தில் பார்த்த அமெரிக்க வாடிக்கையாளர்கள் தடுமாறினார்கள். விற்பனைப் பிரதிநிதிகளுக்கே நாக்கு குழறியது. ஹெக்டர் எழுத்தை மாற்றினார். வாயில் வரும் ஓசைப்படியே பாய்-ஆர்-டீ என்று மூன்று துண்டாக்கி, நடுவில் கோடு போட்டு லேபிளில் அச்சிட்டார். ஆபீஸில் தன் பெயரை இரண்டெழுத்தில் சுருக்கிக்கொண்டு வேலை பார்க்கிறவர்களுக்கு இது புரியும். சந்தோஷமாகச் செய்கிற காரியம் இல்லை. ஆனால் வேலை நடக்கிறது.

1929-ல் பொருளாதார மந்தம் வந்தது. கறி வாங்கக் காசில்லாத குடும்பங்களுக்கு ஸ்பகெட்டி மலிவான முழுச் சாப்பாடு, விளம்பரங்களும் அதையே அழுத்திச் சொல்லின. பல தொழில்கள் சரிந்த பத்தாண்டில் இது வளர்ந்தது. நியூயார்க் பிளாசாவில் பணக்காரர்களுக்குப் பரிமாறிக்கொண்டிருந்த அண்ணன் பால், ‘ஏ அண்ட் பி’ என்ற மாபெரும் மளிகைச் சங்கிலியின் தலைவருக்குத் தம்பியின் ஸ்பகெட்டியை ருசி காட்டி ஆர்டர் பிடித்தார் என்று அந்தக் குடும்பத்தில் ஒரு கதை உண்டு. கொஞ்சம் மெருகேறிய கதையாக இருக்கலாம். ஆனால் நாடு முழுக்க அலமாரிகளில் டப்பா ஏறியது உண்மை.

1938-ல் உற்பத்தி பென்சில்வேனியாவின் மில்டன் என்ற சிறு ஊருக்கு மாறியது. காரணம் தக்காளி. கூட்டம் மிகுந்த நகரத்தைவிட, சுற்றிலும் நிலம் இருக்கும் ஊரில் தேவையான தக்காளியைப் பக்கத்திலேயே விளைவிக்க முடியும். காளானும் ஃபேக்டரியிலேயே வளர்த்தார்கள். அந்தக் கால அமெரிக்காவில் இத்தாலிய பார்மேசானை மிக அதிகமாக இறக்குமதி செய்த கம்பெனிகளில் இதுவும் ஒன்று. டப்பா சாப்பாடு என்றதும் நம் மனசில் வரும் படத்துக்கும் இதற்கும் நிறைய தூரம்.

எதிரி நாட்டுக்காரர், ராணுவத்தின் சமையல்காரர்

1941 டிசம்பரில் இத்தாலியும் அமெரிக்காவும் எதிரி நாடுகளாயின. அமெரிக்கக் குடியுரிமை பெறாத லட்சக்கணக்கான இத்தாலியர்கள் ஒரே நாளில் ‘எதிரி நாட்டு அந்நியர்’ என்று முத்திரை குத்தப்பட்டார்கள். 1942 அக்டோபரில்தான் அது விலக்கப்பட்டது. அதே காலகட்டத்தில், ஒரு இத்தாலியரின் மீசை முகம் கொண்ட கம்பெனியிடம் அமெரிக்க ராணுவம் வீரர்களுக்கான ரேஷன் கேட்டு வந்தது.

மில்டன் ஃபேக்டரி 24 மணி நேரமும் ஓடியது. உச்சத்தில் சுமார் 5,000 பேர் வேலை பார்த்தார்கள். நாளொன்றுக்கு 2.5 லட்சம் டப்பாக்கள். போர்க்களத்துக்குப் போகும் டப்பாவுக்குத் தேவை என்ன? உடையக் கூடாது, கெடக் கூடாது, திறந்தால் சாப்பிடத் தயாராக இருக்க வேண்டும். பதுங்கு குழியில் யாரும் பாஸ்தாவை வேகவைத்து, பார்மேசானைத் துருவிக்கொண்டிருக்க முடியாது. கிளீவ்லாந்தில் வீட்டுக்காரர்களிடம் விட்டு வைத்த கடைசி வேலைக்கு இந்தச் சாப்பாட்டில் இடமே இல்லை. இந்தப் பணிக்காக அமெரிக்க அரசு ஹெக்டருக்கு விருதும் கொடுத்தது.

1945-ல் போர் முடிந்தது. ராணுவ ஆர்டர் நின்றது. இங்கேதான் ஹெக்டர் பொயார்டி தன் வாழ்க்கையின் பெரிய முடிவை எடுக்க வேண்டி வந்தது.

போருக்காக ஊதிப் பெருத்த ஃபேக்டரி அது. அமைதிக் காலத்தில் அத்தனை பேருக்கு வேலை இல்லை. கம்பெனியைக் கையில் வைத்துக்கொள்ள வேண்டும் என்றால், போர் நடந்த வருஷங்களில் இரவு பகலாக உழைத்தவர்களை வீட்டுக்கு அனுப்ப வேண்டும். சண்டையிலிருந்து திரும்பி வந்து வேலை கேட்கும் ஆட்களுக்கும் கதவைச் சாத்த வேண்டும். மில்டன் மாதிரி சின்ன ஊரில் வேறு எங்கே போவார்கள்? இன்னொரு வழி, பணபலமுள்ள பெரிய கம்பெனிக்கு விற்றுவிடுவது. வேலைகள் தப்பும். ஆனால் பெயரும் முகமும் ரெசிப்பியும் கைமாறிவிடும்.

1946-ல் ‘அமெரிக்கன் ஹோம் ஃபுட்ஸ்’ கம்பெனிக்கு விற்றார். விலை சுமார் 60 லட்சம் டாலர். பங்காளிகளான சகோதரர்களுக்குள் இருந்த உரசலும் இந்த முடிவுக்கு ஒரு காரணம் என்பார்கள், கூட்டுத் தொழில் செய்யும் குடும்பங்களில் அது இல்லாமல் இருந்தால்தான் ஆச்சரியம். முழுக்கத் தியாகம் என்று இதைக் கொண்டாட வேண்டியதில்லை. 60 லட்சம் டாலர் அன்றைக்குப் பெரிய பணம். ஆனால் ஃபேக்டரி மில்டனிலேயே தொடர்ந்து ஓடியது என்பதையும் மறந்துவிட முடியாது.

முகம் மட்டும் மிச்சம்

விற்ற பணத்தில் ஒரு பகுதியை ஹெக்டர் இரும்பு ஆலைகளில் போட்டார். அது கொரியப் போர் காலத்தில் நன்றாக ஓடிய தொழில். பழைய கம்பெனியில் 1978 வரை ஆலோசகராகவும் இருந்தார். ஆலோசகர் என்றால் என்ன என்று கார்ப்பரேட் வேலை பார்க்கிறவர்களுக்கு விளக்க வேண்டியதில்லை. கேட்பார்கள், முடிவு வேறு இடத்தில் எடுப்பார்கள்.

போருக்குப் பிந்தைய அமெரிக்காவில் வேலைக்குப் போகும் குடும்பங்களுக்கு, திறந்து சூடாக்கினால் போதும் என்ற சாப்பாடுதான் பிடித்தது. டப்பாவுக்குள் வெந்த பாஸ்தா, ராவியோலி, பீஃபரோனி என்று வரிசை நீண்டது. சாஸிலேயே ஊறி, டப்பாவோடு சேர்ந்து வெந்த பாஸ்தா குழையாமல் இருக்காது. அதைப் பிள்ளைகள் விரும்பினார்கள், பெரியவர்கள் கேலி செய்தார்கள். ஒரு காலத்தில் பிளாசாவின் சமையலறையை நடத்தியவரின் முகம், சமைக்கச் சோம்பல்படுகிறவர்களின் சாப்பாட்டுக்கு அடையாளமாகிப்போனது. தனிப்பட்ட கருத்து: கேலி கொஞ்சம் அநியாயம். அந்தச் சாப்பாட்டால் இரவு பசியோடு தூங்காத குழந்தைகள் எத்தனையோ பேர்.

ஹெக்டர் அந்த முகத்தை விட்டு ஓடவில்லை. 1940-களிலிருந்து 1960-கள் வரை பத்திரிகையிலும் டி.வி.யிலும் அதே தொப்பியோடு, இத்தாலிய வாடை அடிக்கும் ஆங்கிலத்தில் விளம்பரங்களில் வந்தார். கடைசி டி.வி. விளம்பரம் 1979-ல். அப்போது வயது 80-ஐத் தாண்டிவிட்டது.

1985 ஜூன் 21-ல் ஒஹாயோவில், கிளீவ்லாந்தை ஒட்டிய பார்மா என்ற ஊரில், 87 வயதில் இறந்தார். ஆமாம், ஊர் பெயர் பார்மா. பார்மேசானுக்குப் பெயர் கொடுத்த இத்தாலிய பார்மா, அவர் பிறந்த பியாசென்சாவுக்குப் பக்கத்து ஊர். மனைவி ஹெலனும் மகன் மாரியோவும் அப்போது இருந்தார்கள். கம்பெனி பிறகும் கை மாறி, 2000-ல் ‘கான்அக்ரா’விடம் போனது.

2011-ல் அவருக்குப் பேத்தி முறையாகும் அன்னா பொயார்டி ஒரு சமையல் புத்தகம் வெளியிட்டார். குடும்பத்துக்குள் தலைமுறையாகச் செய்துவந்த ரெசிப்பிகள் அதில் இருக்கின்றன. தலைப்பில் ‘செஃப் பாயார்டி’ என்று டப்பாவின் எழுத்திலும், ஆசிரியர் பெயரில் பொயார்டி என்று இத்தாலிய எழுத்திலும் அந்தப் பெயர் ஒரே அட்டையில் இரண்டு விதமாக அச்சாகியிருக்கிறது.